எலியாஸ் குன்ட்ஸேயின் வெறும்பெட்டி

எலியாஸ் குன்ட்ஸே ஓர் இடத்தில் சும்மா இருந்து யாரும் பார்த்ததில்லை. தேவாலயத்தில் பிரசங்கம் கொஞ்சம் நீண்டால் போதும், முன்வரிசைப் பெஞ்சின் சாய்வுப் பலகையை விரல் முட்டியால் தட்டிப் பார்க்கத் தொடங்கிவிடுவான். முன்னால் சாய்ந்திருக்கும் ரொட்டிக்கடைக்காரர் திரும்பி முறைத்தால் மன்னிப்புக் கேட்கமாட்டான். இந்தப் பலகை உள்ளுக்குள் உளுத்துவிட்டது, பார்த்துச் சாயுங்கள் என்று காதோடு சொல்லுவான். சாப்பிட உட்கார்ந்தால் பாதி ரொட்டியைக் கையில் பிடித்தபடியே எழுந்துபோய் எதையோ அளந்துவிட்டு வருவான். அவன் மனைவி சிடோனி கையுறை தைக்கும் குடும்பத்துப் பெண். மான்தோலில் ஒரு கட்டைவிரலைத் தைக்க முழுக் காலைப்பொழுதையும் நிதானமாகச் செலவழிக்கிற வீடு அது. அந்த வீட்டில் பிறந்தவளுக்குத்தான் காலில் சக்கரம் கட்டிய புருஷன் வாய்த்தான்.

"உன் உடம்புல எலும்பு இருக்கா, இல்ல அங்கயும் கம்பியத்தான் இழுத்துக் கட்டி வெச்சிருக்கா?" என்று அவள் கேட்பாள். பதில் சொல்ல அவன் அந்த அறையில் இருக்கமாட்டான்.

முல்டே ஆற்றை ஒட்டிய சின்ன சாக்ஸனி நகரம் ஒன்றில், சாயக்காரன் வீட்டு மாடியில் இருவரும் குடியிருந்தார்கள். பிரஷ்யா ராஜாவின் படை நாட்டைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்த வருஷங்கள் அவை. காலையில் சந்தைத் திடலில் முரசு அடித்தால் இன்றைக்கு யாரை எதற்குக் கூப்பிடுகிறார்களோ என்று ஊரே ஜன்னலுக்கு வரும். ஒருநாள் வைக்கோல் கேட்பார்கள், ஒருநாள் வண்டிச் சக்கரம், ஒருநாள் வீட்டுக்கு இரண்டு சிப்பாயை அனுப்பிச் சாப்பாடு போடச் சொல்வார்கள். காபி என்று எல்லார் வீட்டிலும் ஊற்றியது, கோப்பையின் அடியில் தீட்டியிருக்கும் பூ தெளிவாகத் தெரிகிற வெந்நீர்தான். மொத்த ஊருமே இருப்புக்கொள்ளாமல் கிடந்தது. ஆனால் எலியாஸின் தவிப்புக்கும் சண்டைக்கும் சம்பந்தமில்லை. அவனுக்கு வேண்டியது ஒன்றுதான். முதல் பலகையை அறுப்பதில் தொடங்கிக் கடைசிக் கம்பிக்குச் சுருதி கூட்டுவதுவரை ஒரு பியானோவை முழுக்க முழுக்கத் தன் கையாலேயே செய்யவேண்டும்.

கேட்டால் சின்ன ஆசைதான். அதற்குக் குறுக்கே தச்சர் சங்கம் படுத்துக்கிடந்தது.

பியானோ என்ற சொல் அன்று எங்கள் பக்கத்தில் பாதிப் பேர் வாயில் நுழையாது. சுத்தியல் பெட்டி என்பார்கள். பழைய ஹார்ப்சிகார்டில் காக்கை இறகின் தண்டு கம்பியைச் சுண்டும். கட்டையை மெல்லத் தொட்டாலும் ஓங்கிக் குத்தினாலும் அதற்கு ஒரே சத்தம்தான். சுத்தியல் பெட்டி அப்படியில்லை. கட்டையை அழுத்தினால் தோல் போர்த்திய குட்டிச் சுத்தியல் ஒன்று துள்ளிக் கம்பியை அடித்துவிட்டுக் கீழே விழும். மெல்லத் தொட்டால் மெல்லப் பேசும், அதட்டினால் அதட்டும். எலியாஸ் அதை முதன்முதலில் கண்டது ஓர் ஆர்கன் மேஸ்திரியின் பட்டறையில். சின்ன வயதில் மாமனிடம் தச்சுவேலை பழகிவிட்டு, எல்லாத் தச்சர்களையும் போல ஊர் ஊராக வேலை தேடிச் சுற்றிய காலத்தில் அந்தப் பட்டறையில் போய் ஒட்டிக்கொண்டான். தேவாலயங்களில் ஆர்கன் நிறுத்த முடியாத பனிக்காலத்தில் அந்த மேஸ்திரி சுத்தியல் பெட்டிகளைக் கட்டுவதும் பிரிப்பதுமாக இருப்பார். சண்டை தொடங்கிய வருஷம் அவர் கண்ணை மூடினார். பட்டறையும் மூடியது. கூட வேலை செய்தவர்கள் ஆளுக்கொரு திசையில் போனார்கள். ஒருவன் கடல் தாண்டி லண்டனுக்கே போய்விட்டான். பெட்டியை யார் ஒட்டியது, கம்பியை யார் கட்டியது என்று அங்கே ஒருத்தனும் கேட்பதில்லையாம் என்று லைப்சிக் சந்தைக்குப் போய்வந்தவர்கள் சொன்னார்கள். எலியாஸ் மட்டும் சிடோனியின் ஊருக்கு வந்து சேர்ந்தான்.

இங்கே கேட்டார்கள். இசைக்கருவி செய்வது யாருக்கும் கட்டுப்படாத கலை என்பது சட்டம். கம்பி கட்டலாம், சுத்தியல் செதுக்கலாம், சுருதி கூட்டலாம், எவனும் தடுக்கமாட்டான். ஆனால் இரண்டு பலகையின் முனையில் பல் வெட்டி, ஒன்றோடொன்று கோத்து, வஜ்ஜிரம் போட்டு ஒட்டினால் அது பெட்டி. பெட்டி என்றால் தச்சு, தச்சு என்றால் சங்கம். சங்கத்தில் இல்லாதவன் பெட்டியைச் சங்கத்து மேஸ்திரியிடம் வாங்கித்தான் ஆகவேண்டும்.

எலியாஸ் வாங்கியது சங்கத் தலைவர் ஹைனிக்கேயிடம். அகலமான ஆள், மெல்லிய குரல், எதற்கும் அவசரப்படாதவர். அவர் பெட்டிகளைத் தூக்க நாலு பேர் வேண்டும். தடித்த ஓக் பலகை, மூலை மூலைக்கு இரும்புப்பிடி. சுத்தியல் பெட்டியில் அடிப்பலகையும் பக்கப்பலகையும் நடுவில் படுக்கிற மெல்லிய நாதப் பலகையும் ஒரே உடம்பாகச் சேர்ந்து வளரவேண்டும். ஹைனிக்கேயின் பெட்டியோ மூடி முடிந்துதான் வந்து சேரும். அதற்குள் நாதப் பலகையை ஜன்னல் கண்ணாடி மாதிரிச் செருகவேண்டியிருந்தது. கம்பியை அடித்தால் சத்தம் பிறக்கும்போதே மூச்சுத் திணறியது. ஒருமுறை எலியாஸ் போய் முறையிட்டான். ஹைனிக்கே இழைப்பதை நிறுத்தவே இல்லை.

"என் பெட்டி பேரன் காலத்துக்கும் நிக்கும் குன்ட்ஸே. உள்ள இருக்கிறது பாடலேன்னா உள்ள வெச்சவனத்தான் கேக்கணும்."

அந்தப் பதில்தான் எலியாஸைப் பரணுக்கு ஏற்றியது. சங்கத்துக்குத் தெரியாமல் ஒளிந்து வேலை செய்கிறவனைப் பரண் முயல் என்பார்கள். முயல் வேட்டை என்றால் சங்கத்துக்காரர்களுக்குத் திருவிழா மாதிரி. சாயத்தொட்டிகளின் நாற்றத்தில் வஜ்ஜிரம் காய்ச்சுகிற வாடை யாருக்குத் தெரியப்போகிறது என்று எலியாஸ் கணக்குப் போட்டான். ஆனால் ஒரு தச்சனின் மூக்கு, ஊரில் எந்த நாற்றத்துக்கு நடுவிலும் வஜ்ஜிரத்தைக் கண்டுபிடித்துவிடும். பரணில் ஒளிந்து அவன் செய்த பெட்டி முக்கால்வாசி முடிந்திருந்த ஒரு மதியம், ஹைனிக்கேயும் பூஷ் என்ற இன்னொரு மேஸ்திரியும் இரண்டு காவலர்களோடு ஏணியில் ஏறி வந்தார்கள். பூஷ் ஏறும்போதே முயலுக்குப் புல் காட்டுவதைப்போல நாக்கைச் சொடுக்கிக்கொண்டு வந்தார். பெட்டியைத் தெருவில் போட்டு மிதித்தார்கள். இழைப்புளிகளையும் ரம்பத்தையும் எடுத்துக்கொண்டார்கள். சிடோனி மட்டும் முந்திக்கொண்டு, தான் தோல் போர்த்தி வைத்திருந்த சுத்தியல்கள் அத்தனையையும் மேலங்கியில் வாரிக் கட்டிக்கொண்டாள். அதில் அவர்கள் கைவைக்க முடியாது. சுத்தியல்தான் கட்டுப்படாத கலை ஆயிற்றே.

அதற்கப்புறம் எலியாஸ் ஒரு வாரம் ஆற்றங்கரையில் மேலும் கீழும் நடந்தான். திரும்பி வந்து, சங்கத்துக்குள்ளேயே நுழைந்துவிடப் போகிறேன் என்றான். சங்கத்து மேஸ்திரி ஆகிவிட்டால் பெட்டி செய்வதைத் தடுக்க யார் இருக்கிறார்கள்? உள்ளே இருக்கிற வேலையோ யாருக்கும் கட்டுப்படாதது. இரண்டையும் சேர்த்தால் முழுப் பியானோ. கணக்கு நேராகத்தான் இருந்தது. சங்கத்துக்கும் ஆள் தேவைப்பட்டது. இளம் மேஸ்திரிகள் இரண்டு மூன்று பேரைப் பிரஷ்யாக்காரர்கள் படைக்குப் பிடித்துப் போயிருந்தார்கள், முகாமுக்குக் கட்டில் கேட்டு முரசு மட்டும் நிற்கவில்லை. எலியாஸ் கேட்ட உடனே ஹைனிக்கே சரி என்று சொல்லிவிட்டார்.

"உடனேயா?" என்று சிடோனி கேட்டாள்.

"உடனே."

"சிரிச்சாரா?"

"கொஞ்சம்."

"எனக்கு இது பிடிக்கல" என்றாள். அவன் அதற்குள் படியிறங்கிவிட்டான்.

மேஸ்திரி ஆகவேண்டுமானால் தலைவரின் பட்டறையிலேயே, அவர் கண் முன்னால், இரண்டு கதவு வைத்த துணி அலமாரி ஒன்றைச் செய்து காட்டவேண்டும். பியானோ செய்யப் போகிறவனுக்கு எதற்கு அலமாரி என்று கேட்கக்கூடாது. எல்லோரும் அதைச் செய்துதான் உள்ளே வந்தார்கள். மரமும் சங்கத்து மரம்தான், அளந்து கொடுப்பார்கள், கூடக் கேட்டால் கிடைக்காது. நடுநடுவே மற்ற மேஸ்திரிகள் பார்வையிடுகிறோம் என்ற பெயரில் வருவார்கள். வருகிறவர்களுக்குப் பன்றித்தொடைக் கறியும் பீரும் வைக்கவேண்டும். அவர்கள் பலகை மூட்டுகளைப் பார்ப்பதைவிடக் கறியைத்தான் நன்றாகப் பார்த்தார்கள். எலியாஸுக்கு வேலை ஓடியது, காத்திருப்பதுதான் ஓடவில்லை. வஜ்ஜிரம் காயும்வரை பட்டறையைச் சுற்றிச் சுற்றி வருவான். கிறுகிறுப்பாக வருகிறது, தயவுசெய்து எதன் மேலாவது உட்கார் என்று ஹைனிக்கேயே ஒருநாள் சொன்னார்.

அந்த அவசரத்தில்தான் அது நடந்தது. அலமாரியின் முதுகுப் பலகையை இழைத்துக்கொண்டிருந்தவன், மனத்தை நாளைக்குச் செய்யப்போகிற பியானோவிடம் விட்டுவிட்டுக் கையை மட்டும் இங்கே வைத்திருந்தான். கை தனக்குத் தெரிந்ததைச் செய்தது. நடுவில் கனம் விட்டு, ஓரத்துக்கு ஓரம் மெலிந்துகொண்டே போகும்படி, நாதப் பலகையை இழைப்பதுபோலவே இழைத்து முடித்துவிட்டது. நிமிர்ந்து ஒரு தட்டுத் தட்டினான். பலகை பேசியது. வேறு பலகை கிடையாது. எலியாஸ் அதை அப்படியே பொருத்திவிட்டு, யாரும் பின்னால் போய்த் தட்டாமலிருக்கக் கடவுளைக் கேட்டுக்கொண்டான்.

பரிசோதனை நாளில் பூஷ் நேராகப் பின்னால்தான் போனார். மூட்டுகளில் நகத்தை ஓட்டிப் பார்த்தவர், முதுகைக் கை முட்டியால் ஒரு தட்டுத் தட்டினார். அலமாரி மூச்சை இழுத்துவிட்டதுபோல நீளமாக முனகியது. எல்லா மேஸ்திரிகளும் திரும்பினார்கள். பூஷ் இன்னொரு தடவை தட்டினார், இந்த முறை ரசித்து.

"ஏம்ப்பா, இதுல துணிய மடிச்சு வெக்கணுமா, இல்ல பொண்டாட்டிக்குப் பாட்டுச் சொல்லித் தரணுமா?"

சிரிப்பு அடங்க நேரமாயிற்று. பலகை மெலிவு, பாரம் தாங்காது, ஈரம் ஏறினால் வெடிக்கும் என்று குற்றம் மேல் குற்றமாக அடுக்கினார்கள். எலியாஸ் தொப்பியைக் கசக்கிக்கொண்டு நின்றான். கதை முடிந்தது, இனி லண்டன்தான் என்று மனம் மூட்டை கட்டத் தொடங்கியிருந்தது. அப்போது ஹைனிக்கே கையை உயர்த்தினார். குற்றத்துக்கு அபராதமாக எல்லோருக்கும் பீர் வாங்கித் தரட்டும், ஆளைச் சேர்த்துக்கொள்வோம் என்றார். பூஷ் உட்பட யாரும் மறுக்கவில்லை. தலைவர் ஏன் இவ்வளவு தாராளமாக இருக்கிறார் என்று ஒரு கணம் நின்று யோசித்திருந்தால் எலியாஸுக்கு எல்லாம் விளங்கியிருக்கும். நிற்பதுதான் அவனுக்கு வராதே.

சங்கத்தின் சட்டமும் முத்திரையும் வைத்திருக்கும் சங்கப் பெட்டியைக் கொண்டுவந்து மேசைமேல் வைத்துத் திறந்தார்கள். அது திறந்திருக்கும்போது யாரும் தொப்பி போடக்கூடாது, உட்காரக்கூடாது, கெட்ட வார்த்தை பேசக்கூடாது. அதன் முன்னால் சொன்ன சொல்லை உயிருள்ளவரை திரும்ப எடுத்துக்கொள்ளவும் கூடாது. ஹைனிக்கே தன் மெல்லிய குரலில் கேட்டார். உளுத்த மரத்தை நல்ல மரம் என்று விற்கமாட்டாயே? மாட்டேன். இன்னொரு மேஸ்திரியின் வேலையாளை ஆசை காட்டி இழுக்கமாட்டாயே? மாட்டேன். எலியாஸின் கண்ணுக்கு முன்னால் நாதப் பலகைக்கான ஸ்ப்ரூஸ் மரம் ஏற்கெனவே அறுபட்டுக்கொண்டிருந்தது. எங்கே வாங்குவது, எந்தப் பக்கம் மெலிய விடுவது, எல்லாம் மனத்தில் ஓடியது. ஹைனிக்கே மூன்றாவது கேள்விக்கு வந்தார்.

"ஒரு மேஸ்திரிக்கு ஒரே தொழில். இந்தப் பெட்டி முன்னால தச்சுத் தொழில எடுத்துக்கிட்டவன்..."

"சம்மதம்" என்றான் எலியாஸ்.

ஹைனிக்கே அவசரப்படவில்லை. விட்ட இடத்திலிருந்து வாக்கியத்தை எடுத்து நிதானமாக முடித்தார். "...வேற தொழில்ல கை வெக்க மாட்டான். கம்பியோ, ஆணியோ, சுத்தியலோ, சுருதியோ, எதுவா இருந்தாலும்." பிறகு பெட்டியை மூடினார். பூட்டு விழுந்த சத்தம் கேட்டது.

எலியாஸ் மேசையை நெருங்கினான். நான் இதற்காகத்தானே வந்தேன் மேஸ்திரி, உங்களுக்கும் தெரியும் என்றான். தெரியும் என்று அவர் ஒப்புக்கொண்டார். அவர் குரலில் கோபமும் இல்லை, கேலியும் இல்லை.

"பூட்டுக்காரன் பெட்டி செய்ய வந்தா நான் தடுப்பேன். நான் பூட்டு செய்யப் போனா அவன் தடுப்பான். இந்தச் சண்டைக் காலத்துலயும் ஊர்ல ஒவ்வொரு வீட்லயும் அடுப்பு எரியுதுன்னா அதனாலதான். எல்லாத்தையும் நானே செய்வேன்னு ஒருத்தன் கிளம்பினா, மத்தவன் எங்க போவான்? நான் முடிக்கட்டும்னு நீ காத்திருக்கலாம் குன்ட்ஸே. இல்ல, மாட்டேன்னு சொல்லிருக்கலாம். யார் உன்னத் தடுத்தா?"

வீட்டுக்கு வரும் வழியில் சாயக்காரன் கதவைத் திறந்து, மேஸ்திரியம்மாவுக்கு என் வணக்கத்தைச் சொல்லு என்று கூவினான். சிடோனி எங்கிருந்தோ கொஞ்சம் வெண்ணெய் தேடிப்பிடித்து கேக் சுட்டு வைத்திருந்தாள். அவன் முகத்தைப் பார்த்ததும் கத்தியைக் கீழே வைத்துவிட்டாள். அவன் ஜன்னலுக்கும் அடுப்புக்கும் நடுவில் நடந்துகொண்டே எல்லாவற்றையும் சொன்னான். அவள் முழுதாகக் கேட்டாள்.

"முன்னாடி உள்ள வேலைய செய்யலாம், பெட்டி கூடாதுன்னாங்க. இப்பப் பெட்டிய செய்யலாம், உள்ள கூடாது. அப்ப இத்தன மாசம் அவங்களுக்குக் கறி வாங்கிப் போட்டது, நடு வீட்டுச் சுவர எடுத்து அந்தப் பக்கத்துலேர்ந்து இந்தப் பக்கம் வெக்கறதுக்கா?"

அதற்கப்புறம் வந்த நாட்கள் மோசமானவை. எலியாஸ் லண்டனுக்கு மூட்டை கட்டினான். ஹாம்பர்க் சாலையில் உயரமான ஆட்களைப் பார்த்தால் பிரஷ்யாக்காரன் பிடித்துக்கொள்கிறான் என்று கேள்விப்பட்டு அவிழ்த்தான். கொஞ்சம் குனிந்து நடந்தால் போதாதா என்று யோசித்து மறுபடி கட்டினான். சங்கம் கொடுத்த கட்டில் வேலையைச் செய்தான். கட்டில் கால்களைக்கூடத் தட்டிப் பார்த்துத்தான் வைத்தான். சிடோனி தைத்துக்கொண்டிருந்தாள். ஒரு காலையில் அவன் மூட்டையோடு, சுத்தியல்கள் எங்கே என்று கேட்டபோதுதான் ஊசியை நிறுத்தினாள்.

"போறதுன்னா போ. சுத்தியலத் தர மாட்டேன். ஒவ்வொண்ணுக்கும் தோல் போர்த்தினது நான்."

"அது என் பியானோவுக்குச் செஞ்சது."

"உன் பியானோவா? நீதான் பெட்டி முன்னால தொடமாட்டேன்னு சொல்லிட்டு வந்தியே." அவள் தைத்துக்கொண்டிருந்ததை மடியில் வைத்தாள். "நான் எந்தப் பெட்டி முன்னாலயும் எதுவும் சொல்லல. யாருக்கும் கட்டுப்படாத கலைன்னா, அது எனக்கும் கட்டுப்படாததுதானே?"

அவனுக்குப் புரிய நேரம் பிடித்தது. புரிந்ததும் பிடிக்கவில்லை. உனக்குக் கம்பி கட்டத் தெரியுமா, சுருதி கூட்டத் தெரியுமா, எந்த ஆணியை எவ்வளவு முறுக்கினால் கம்பி அறும் என்று தெரியுமா என்று அடுக்கினான். தெரியாது, அறுந்தால் தெரிந்துகொள்வேன் என்றாள் அவள். மூட்டை வாசலிலேயே கிடந்தது. அவன் கேட்டது முழுப் பியானோ. இவள் கொடுப்பது பாதி. பாதியை வாங்கிக்கொண்டு மீதியை வேறொரு கைக்குக் கொடுப்பது, அது தன் மனைவியின் கையாகவே இருந்தாலும், பல்லைப் பிடுங்குகிற மாதிரி இருந்தது. சில நாள் முடியாது என்றே சொல்லிக்கொண்டிருந்தான். ஆனால் கை சும்மா இருக்கவில்லை. ஒருநாள் கட்டில் வேலை முடிந்து திரும்பும்போது தோளில் ஸ்ப்ரூஸ் பலகை இருந்தது.

பெட்டியைச் செய்தான். தன் பெயரில், பகலில், தெருவைப் பார்த்த ஜன்னலைத் திறந்துவைத்துச் செய்தான். ஓக் எவ்வளவு மெலிவாக இருக்கலாமோ அவ்வளவு மெலிவு. இரண்டு பேர் தூக்கிவிடலாம். நாதப் பலகைக்கு வந்தபோது ஒரு நாள் முழுக்க யோசித்தான். அது பெட்டியா, உள்வேலையா? மரம், வஜ்ஜிரம், இழைப்புளி. தச்சுதான் என்று தீர்ப்புச் சொல்லிக்கொண்டு, யாராவது வந்து மறுப்பதற்குள் ஒட்டி முடித்தான். பலகையைத் தட்டிப் பார்த்தான். வாழ்க்கையில் அப்படி ஒரு பலகையை அவன் இழைத்ததில்லை. அதற்கப்புறம் கம்பி. அங்கே நின்றான். நிற்கவேண்டியிருந்தது.

சிடோனி உள்ளறைக்குப் பெட்டியைத் தள்ளிப்போய் வேலையைத் தொடங்கினாள். எலியாஸ் வாசற்படியில் நின்று, அந்த ஆணி இல்லை அடுத்தது, இடது கையால் கம்பியைத் தாங்கு, விரலை எடு, மெல்ல, மெல்ல என்று சொல்லிக்கொண்டே இருந்தான். ஒருமுறை காலைத் தூக்கிப் படிக்கு உள்ளே வைத்துவிட்டான். அவள் எழுந்து வந்து கதவைச் சாத்தினாள். கதவுக்கு அந்தப் பக்கம் ஆணி முறுக்குவது கேட்டது. கம்பி அறுந்து சுருண்டு தெறித்தது கேட்டது. அவள் திட்டியது கேட்டது. ஒரு மேஸ்திரியம்மா வாயில் வரக்கூடாத வார்த்தை. அவன் போய் ஆற்றைச் சுற்றிவிட்டு வந்தான். இன்னொரு கம்பி அறுந்தது. மறுபடியும் போனான்.

பிறகு ஒருநாள் சத்தம் வந்தது. நடுவில் ஒரு சுத்தியல் மட்டும் கம்பியை அடித்துவிட்டு விலகாமல் ஒட்டிக்கொண்டது. டொக் என்று செத்த சத்தம். எலியாஸுக்கு மருந்து தெரியும். சுத்தியலின் வால்புறத்தில் கொக்கிபோல ஒரு மரநாக்கு வைக்கவேண்டும், அடித்த கையோடு அது விட்டுவிடும். கதவில் வாயை வைத்துச் சொன்னான். மரநாக்குச் செதுக்க எனக்கு வராது, பேசாமல் இரு என்று உள்ளிருந்து பதில் வந்தது. கொஞ்ச நேரம் கத்தரிக்கோல் சத்தம். அவள் மான்தோலில் ஒரு மடிப்புத் தைத்து, விழுகிற சுத்தியலை அது பிடித்துக்கொள்ளும்படி வைத்தாள். மறுபடி அதே கட்டை. இப்போது சத்தம் விடுபட்டு வந்தது. அவன் தன் காதில் இத்தனை வருஷம் சுமந்து திரிந்த, கண்ணாடிமேல் நாணயம் விழுந்ததுபோலப் பளிச்சென்ற சத்தம் இல்லை அது. பக்கத்து அறையில் யாரோ பேசுவதுபோல வட்டமாக, கொஞ்சம் கம்மலாக இருந்தது. நன்றாக இருக்கிறதா என்று அவனால் தீர்மானிக்க முடியவில்லை. தன்னுடையது இல்லை என்பது மட்டும் தெரிந்தது.

ஊரில் யாரோ சொல்லி ஹைனிக்கேயும் பூஷும் வந்தார்கள். இந்த முறை ஏணி வேண்டியிருக்கவில்லை. முன்னறையில் எலியாஸ் பலகை இழைத்துக்கொண்டிருந்தான், உள்ளறையில் சிடோனி கம்பிச்சுருளோடு உட்கார்ந்திருந்தாள். இது யார் வேலை என்று பூஷ் கேட்டார். பெட்டி அவர் வேலை, மற்றது என் வேலை என்றாள் சிடோனி.

"பொம்பள செய்ற வேலையா இது? சங்கத்துல பேசணும்."

"எந்தச் சங்கத்துல மேஸ்திரி? இந்த வேலைக்குத்தான் சங்கமே இல்லையே."

பூஷ் தலைவரைப் பார்த்தார். ஹைனிக்கே குனிந்து ஒரு விரலால் ஒரு கட்டையை அழுத்தினார். பிறகு அதையே மெல்ல அழுத்தினார். இன்னும் மெல்ல. நிமிர்ந்து எலியாஸிடம் வந்தார்.

"உள்ள இருக்கிறத நீ தொட்டியா குன்ட்ஸே?"

அவர் முகத்தில் ஒன்றும் தெரியவில்லை. எலியாஸ் இழைப்புளியை விடவில்லை. பொய் சொல்லத் தேவையில்லாத கேள்வி, ஆனால் உண்மையைச் சொல்வதுதான் வலித்தது. தெருவில் போட்டு அவர்கள் மிதித்த பெட்டிகூட இப்படி வலிக்கவில்லை.

"தொடல" என்றான்.

ஹைனிக்கே தலையசைத்தார். போகும்போது பெட்டியின் அடிப்பக்கத்தில் ஒரு தட்டுத் தட்டிவிட்டு, இன்னும் கொஞ்சம் கனம் விட்டிருக்கலாம் என்று மட்டும் சொன்னார். அதற்கப்புறம் அவர் வரவே இல்லை. சங்கத்தில் பேசினார்களா, பேசி என்ன முடிவு செய்தார்கள் என்பது எங்கள் ஊரில் யாருக்கும் தெரியாது. வேண்டாம் என்று யாரும் சொல்லவில்லை, சரி என்றும் சொல்லவில்லை.

பியானோவைத் தேவாலயத்து ஆர்கன்காரர் எடுத்துக்கொண்டார். கட்டைகளுக்கு மேலே இருக்கும் பலகையில் செய்தவர் பெயர் வேண்டும், அதுதான் வழக்கம் என்றார். தச்சன் பெயரை அங்கே எழுத முடியாது. எழுதினால் பூஷ் அடுத்த நாளே வாசலில் நிற்பார். எலியாஸ் பேரிக்காய் மரத்தில் அந்தப் பலகையை வெட்டினான், வழுவழுப்பாக இழைத்தான், சிடோனியிடம் தூரிகையைக் கொடுத்தான். அவள் எழுதாமல் வைத்துக்கொண்டு அவனைப் பார்த்தாள். இரண்டு பேரையும் போடலாம், வந்தால் வரட்டும் என்றாள்.

"தொடாதவன் பேர் எதுக்கு?"

"தொடாம இருந்தவன்னு போடறேன். உன்ன மாதிரி ஆளுக்கு அதான் பெரிய வேலை."

அவன் சிரித்துவிட்டான். ஆனாலும் வேண்டாம் என்றான். அவள் சிடோனி குன்ட்ஸே என்று எழுதினாள். கடைசி எழுத்து கொஞ்சம் சாய்ந்தது. அதை அழித்துத் திரும்ப எழுதச் சொல்ல அவனுக்கு நாக்குத் துடித்தது, சொல்லவில்லை.

இரண்டு பேர் அதைச் சுலபமாகப் படியிறக்கித் தூக்கிப் போனார்கள். எலியாஸ் தெரு முழுக்கப் பக்கத்திலேயே நடந்தான், பெட்டியின் அடியில் கையைக் கொடுத்துக்கொண்டு. ஆர்கன்காரர் வீட்டில் ஜனம் கூடியிருந்தது. வாசிப்பதற்கு முன் அவர் செய்தவரைக் கூப்பிட்டார். சிடோனி கையிலிருந்த கறையைத் துடைத்துக்கொண்டு உள்ளே போனாள். எலியாஸ் வாசலிலேயே நின்றான். உள்ளே முதல் பாட்டுத் தொடங்கியது. மெல்லிய இடங்கள் மெல்லவே வந்தன, அதட்டிய இடங்களில் மொத்தப் பெட்டியும் சேர்ந்து அதிர்ந்தது. மேல் கட்டைகளில் சத்தம் சீக்கிரம் வற்றுவதை அவன் கவனித்தான். அது தோலின் குற்றமில்லை, சிடோனியின் குற்றமில்லை. வலது மூலையில் பலகையை இன்னும் மெலிய விட்டிருக்கவேண்டும். அங்கே அவன் பயந்திருந்தான்.

முதல் பாட்டு முடிந்து கைதட்டியபோது சிடோனி வாசலைப் பார்த்தாள். அங்கே ஆள் இல்லை. கடைகள் அடைப்பதற்குள் அடுத்த நாதப் பலகைக்காக மரக்காரன் வீட்டுக்குப் போய்ச் சேர, எலியாஸ் குன்ட்ஸே சந்தைத் திடலின் குறுக்கே பாதி ஓட்டமாகப் போய்க்கொண்டிருந்தான்.